சிம்மாசனத்தை அகற்றி மேசை போட்டவனுக்கு

மச்சான்,

இன்று காலை கபோ சந்தையில் பக்கலாக் கருவாடு ஊறப்போட்ட தொட்டியைக் கடந்தேன். கடந்தேன் என்பது பொய். அதன் வாடை என் கொலரைப் பிடித்து நிறுத்தியது. நோர்வேக் கடலில் பிடிபட்டு, உப்பில் காய்ந்து, கப்பலேறி வந்து, பலெர்மோக் குழாய்த் தண்ணீரில் மறுபடியும் பருக்கப் பார்க்கிற மீன். "என்னைப் போலத்தான்" என்று நீ அதன் முன்னால் நின்று ஒவ்வொரு முறையும் சொல்வாய். நோர்வேயில் பேர்கன் நகரத்து நாடக அரங்கில் மேடைச் சாமான் தூக்கி, பனியில் காய்ந்து, கல்யாணத்துக்காக இஞ்சை வந்து ஊறினவன் நீ. கத்தரிக்காய் வாங்கப் போன நான் வெறும் பையோடு திரும்பிவிட்டேன். வீட்டில் இருப்புக் கொள்ளவில்லை. இதை எழுதத் தொடங்கியபின் மூன்று தரம் பல்கனிக்குப் போய், நீ வந்திறங்குகிற சீசாப் பகுதி பஸ்ஸைப் பார்த்துவிட்டு வந்திருக்கிறேன், பஸ்ஸில் யாரும் வரப்போவதில்லை என்று தெரிந்தும்.

நீ வரும்வரை இந்தச் சிசிலித் தீவு முழுவதற்கும் ஒரே ஒரு அரசன்தான் இருந்தான். கிழமை நாட்களில் அவன் போர்கோ வெக்கியோப் பக்கம் ஒரு மாடிக் கட்டடத்தின் போர்த்தியேரே, அதாவது வாசலில் இருந்து கடிதம் பிரித்துக் கொடுத்துப் படி கழுவுகிறவன். ஆனால் வருடத்தில் ஒரு நாள், தேவாலயப் பங்கு மண்டபத்து நத்தார் நாடகத்தில், அவன் குரலெடுத்தால் துறைமுகத்துக் கப்பல்கள் நங்கூரத்தை இழுத்துக்கொண்டு ஓடும். ஒருமுறை அந்த அரசனாகிய நான் "அடே தளபதி" என்று கூப்பிட, வெளியே நின்ற பொலிஸ்காரர் விறைத்து நின்று சல்யூட் அடித்தார். சத்தியமாக. சரி, அரைச் சத்தியம்.

எங்கள் நாடக முறை உனக்குத் தெரியும். கூத்துப் பழக்குகிற அண்ணாவியார் மேடையோரம் நின்று, பாட்டடி மறந்தவனுக்கு ஊரறிய அடி எடுத்துக் கொடுப்பார். அரசன் சபைக்கு வந்ததும் எங்கள் தமிழ்ச் சங்கத் தலைவர் மேடையேறிப் பொன்னாடை போர்த்துவார். சில வருடம் அவர் பிந்தி வருவார். அப்போது என் வாள் எதிரியின் நெஞ்சில் இருக்கும். வாளை எடுத்து, குனிந்து, பொன்னாடையை வாங்கி, மறுபடியும் குத்துவேன். குத்துப்பட்டவனும் இடையில் எழும்பிக் கைதட்டுவான்.

நீ பார்த்த முதல் நாடகம் முடிந்து இருவரும் பஸ்ஸில் வருகிறோம். நீ யன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருக்கிறாய். அரசனுக்குப் பொறுக்குமா?

"எப்பிடியடா?"

"நல்லாயிருந்தது. ஆனா நீ ஆரோடை கதைச்சனி?"

"தளபதியோடை."

"இல்லை மச்சான். நீ கூரையோடை கதைச்சனி."

அன்று தொடங்கியது உன் பிரசங்கம். வீட்டுவேலை செய்கிற எங்கள் ஆட்களுக்கு வியாழன் பின்னேரமும் ஞாயிறும்தான் லீவு. அந்த இரண்டையும் நீ ஐரோப்பாவின் வடநாட்டாருக்கு, உன் நோர்வே டென்மார்க்காருக்கு, எழுதிக் கொடுத்துவிட்டாய். அங்கையும் இப்பிடித்தான் என்றாய். முதலில் பள்ளிக்கூடப் பெடியள் லத்தீனில் வேதக்கதை ஆடினார்களாம். பிறகு அரண்மனைகளில் பிரெஞ்சுக்காரர், ஜெர்மன்காரர் வந்து ஆடினார்களாம். அதன்பிறகுதான் டென்மார்க்கில் ஒருவர் நகரத்து மனிதரின் வீம்பையும் பொய்யையும் அவர்களுடைய மொழியிலேயே எழுதிச் சிரிக்க வைத்தாராம். நோர்வேக்காரருக்கு அதுவும் இல்லை. தங்கள் நாட்டு மேடையிலேயே டென்மார்க் நடிகர்கள் டென்மார்க் பேச்சுப் பேச, இவர்கள் காசு கொடுத்துக் கேட்டுக்கொண்டிருந்தார்களாம், சனம் பொறுமையிழந்து மண்டபத்துக்குள் விசிலடித்துக் குழப்பும் வரைக்கும்.

"பிறகு?" என்று கேட்டேன். கேட்டது என் பிழை.

பிறகு பேர்கனில் சொந்த ஆட்கள், சொந்தப் பேச்சு. அப்போதும் பழைய வீரர்களையும் வாளையும் விடவில்லையாம். வாளைக் கீழே வைக்க இன்னும் கொஞ்சக் காலம் எடுத்ததாம். வைத்தபோது மேடையில் ஒரு விளக்கு, ஒரு அடுப்பு, நாலு கதிரை, அதில் ஒரு புருஷன் பெண்சாதி. வருடக்கணக்காகச் சொல்லாமல் வைத்திருந்ததை அவர்கள் சொல்லத் தொடங்க, ஐரோப்பா முழுக்கத் திடுக்கிட்டதாம். ஸ்வீடனில் மண்டபத்தையே சின்னதாக்கினார்களாம், நடிகன் கத்தத் தேவையில்லை என்று.

"அப்ப நூற்றுக்கணக்கான வருசம் பாடுபட்டு அவங்கள் கண்டுபிடிச்சது ஒரு குசினியோ?" என்றேன்.

"ஓம். சண்டை எல்லாம் அதுக்குள்ளைதானே நடக்குது."

அந்த நாட்களில் எங்கள் சனம் இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்தது. இத்தாலியப் பாஸ்போட் கையில் வந்த உடனே, பிள்ளைகள் இங்கிலீஷில் படிக்கட்டும் என்று, ஒரு குடும்பத்துக்குப் பின்னால் ஒரு குடும்பம். ஒவ்வொரு மாதமும் யாருக்காவது பிரியாவிடைச் சாப்பாடு. என் மனைவி ஜெசிந்தா என்னிடம் ஒரேயொரு முறை, "நாங்களும் போவமே?" என்று கேட்டாள். நான் எழுந்து நின்று, சிசிலியின் சூரியன், கட்டடத்து வீட்டுக்கார அம்மாக்களான சிஞ்ஞோராக்கள் என்மேல் வைத்த நம்பிக்கை, பிரித்தானிய மழையின் கொடுமை என்று ஒரு பேருரை ஆற்றினேன். அவள் பிறகு கேட்கவில்லை. கேட்காத கேள்வி வீட்டுக்குள் சோபாவில் இருந்தது. நாங்கள் அதைச் சுற்றி நடந்தோம்.

ஞாயிறு தவறாமல் எங்கள் வீட்டில் சாப்பிட்டவன் நீ. உனக்குத் தெரியாமல் இருக்குமா? அந்த வருட நாடகம் என்று நீ எழுதிக்கொண்டு வந்தது ஒரு குசினி. ஒரு புருஷன் பெண்சாதி. போவதா, இருப்பதா. நான் புருஷன். கிரீடம் இல்லை, மீசை இல்லை, வாள் இல்லை. பெண்சாதியாக வரவிருந்தவள் வேலைக்கு நின்று பார்த்த கிழச் சிஞ்ஞோரா படுக்கையில் விழ, அவளுக்கு வியாழன் லீவு போய்விட்டது. நீ நேரே ஜெசிந்தாவிடம் போனாய்.

"தங்கச்சி, கதிரையிலை இருந்து கத்தரிக்காய் வெட்டினாப் போதும்."

"அதைத்தானே அண்ணை தினமும் செய்யிறன்," என்றாள்.

ஒத்திகையில் நான் பட்ட பாடு! நெப்போலியனும் ரஷ்யப் பனியில் அவ்வளவு பட்டிருக்கமாட்டான். "கையை என்னடா செய்யிறது?" என்று கேட்பேன். "வீட்டிலை என்ன செய்வாய்?" என்பாய். "வீட்டிலை எனக்குக் கை இருக்கிறதே தெரியாது." "அப்பிடியே விடு." மூன்று வரிக்கு ஒருமுறை நான் கதிரையை விட்டு எழும்ப, நீ என் தோளைப் பிடித்து அமர்த்துவாய்.

நாடக நாள் ஞாயிறு பின்னேரம். திரை விலகியது. நான் ஏற்கெனவே கதிரையில் இருந்தேன். அரசன் வருகை என்று ஒன்று இல்லாததால், பொன்னாடையோடு முன்வரிசையில் இருந்த தலைவருக்கு எப்போது எழும்புவது என்று தெரியவில்லை. பாவம், ஒவ்வொரு வசனத்துக்கும் அரைவாசி எழும்பி எழும்பி இருந்தார்.

நீ எழுதின வசனப்படி அவள் "ஏன் போகேலாது?" என்று கேட்கவேணும். நான் வேலை, வீடு, மழை என்று அடுக்கவேணும். அவள் "சரி" என்று மறுபடியும் வெட்டவேணும். நான் அடுக்கினேன். அவள் கத்தியை வைத்தாள்.

"அதெல்லாம் இருக்கட்டும். உண்மையா ஏன்?"

அது நாடகத்தில் இல்லை. நான் உன்னைப் பார்த்தேன். திரைக்கயிற்றைப் பிடித்தபடி நின்ற நீ முகத்தை மற்றப் பக்கம் திருப்பினாய். நீயும் அவளும் பேசி வைத்துச் செய்ததா என்று கடைசிவரை நீங்கள் இருவரும் எனக்குச் சொல்லவில்லை.

மண்டபம் நான் அடி மறந்துவிட்டேன் என்று முடிவு செய்தது. "சொல்லுங்கோ அண்ணை, பயப்பிடாதேங்கோ," என்றது ஒரு பெண்குரல். பார்வையாளராக வந்திருந்த அண்ணாவியார் பழக்கதோஷத்தில் தொண்டையைச் செருமி ஏதோ ஒரு ராசா பாட்டின் முதலடியை எடுத்துக் கொடுத்தார். இதுதான் தருணம் என்று தலைவர் மேடையேறினார். வடநாட்டார் அரும்பாடுபட்டு மேடைக்கும் சனத்துக்கும் நடுவில் கண்ணுக்குத் தெரியாமல் கட்டின நாலாவது சுவருக்குள்ளால் நேரே நடந்து, எங்கள் குசினிக்குள் வந்து, என் தோளில் பொன்னாடையைப் போர்த்தினார்.

நான் குனியவேணும். அதுதான் முறை. எழும்பி, குனிந்து, கைகூப்பி, அப்படியே தப்பிவிடலாம்.

ஜெசிந்தா என்மேல் இருந்து கண்ணை எடுக்காமலே, "அண்ணை, வீட்டுக்கை ஒரு கதை நடக்குது. கொஞ்சம் இருங்கோ," என்றாள்.

தலைவர் இருந்தார். மூன்றாவது கதிரையில், எங்களோடு மேசையில். மண்டபம் சிரித்தது. சிரித்து முடிந்தபோதும் அவள் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாள், மச்சான். தலைவரும் பார்த்தார்.

"அங்கை போனா என்னை ஆருக்குத் தெரியும்?" என்றேன்.

"கேக்கேல்லை, சத்தமாச் சொல்லுங்கோ," என்றது பின்வரிசை. என்னிடம் சத்தம் இருக்கவில்லை. மூன்றாம் வரிசைக்குக்கூட எட்டாத குரல் எனக்குள் இருந்தது எனக்கே புதிது.

"இஞ்சை மட்டும் ஆருக்குத் தெரியும்? இவைக்கு ராசாவைத்தான் தெரியும்," என்றாள் அவள்.

நீ திரையை இழுத்தாய், தலைவரையும் உள்ளே வைத்து.

கைதட்டல் வரவில்லை. அடுத்த வருடம் ராசா நாடகம்தான் என்று சங்கம் அன்றைக்கே தீர்மானித்தது. நீ கவலைப்படவே இல்லை. "விசிலடிக்கேல்லைத்தானே," என்றாய்.

போவதா இருப்பதா என்று எங்கள் வீட்டில் உண்மையாகவே கதைக்கத் தொடங்கியது அதற்குப் பிறகுதான். கத்தி, கோபித்து, நாட்கணக்கில் முகம் பாராமல், மறுபடி கதைத்து. முடிவு வருமுன் மாரியில் உன் நெஞ்சு நின்றுவிட்டது. செத்தவீட்டில் என்னைப் பேசச் சொன்னார்கள். எழுந்து நின்றேன். உன்னைப் பற்றிச் சொல்ல ஆயிரம் பொய் என்னிடம் இருந்தது, ஒன்றும் வாய்க்கு வரவில்லை. இருந்துவிட்டேன். அரசன் அடி மறந்துவிட்டான் என்று அன்றும் நினைத்திருப்பார்கள்.

பிள்ளைகளின் பள்ளிக்கூடம் மூடியதும் இங்கிலாந்துக்குப் போகிறோம். கட்டடத்தாரிடம் சொல்லியாகிவிட்டது. வீட்டில் அலுமாரி பாதி காலி. நான் ஒரு அறையிலிருந்து மற்ற அறைக்குப் போய், எதற்குப் போனேன் என்று மறந்து திரும்புகிறேன்.

நேற்றுப் பின்னேரம் ஜெசிந்தா உடுப்பு மடித்துக்கொண்டு கேட்டாள்: "அங்கை போய் நாடகம் கீடகம் இல்லாட்டி நீங்கள் என்ன செய்வியள்?"

லண்டன் அரங்குகள் கிடுகிடுக்கும், மகாராணியார் முன்வரிசைக்கு ஆள் அனுப்புவார் என்று பழைய சாமான் தொண்டைவரை வந்துவிட்டது. விழுங்கினேன். நீ தோளில் கை வைத்து அமர்த்திய மாதிரி இருந்தது. இப்போதெல்லாம் எனக்கு அப்படித்தான் ஆகிறது. கேள்விக்கும் பதிலுக்கும் நடுவில் கொஞ்ச நேரம் சும்மா இருக்கிறேன். உன்னிடமிருந்து நான் கொண்டுபோவது அவ்வளவுதான், அதுவும் சரியாக வருவதில்லை.

அவள் ஒரு சீலையை மடித்து முடித்தாள்.

"தெரியாது," என்றேன். "பயமாக் கிடக்கு."

"எனக்கும்தான்," என்றாள்.

இத்தனை வருடத்தில் அவள் அதைச் சொல்லி நான் கேட்டதில்லை மச்சான். நான் ஓயாமல் முழங்கிக்கொண்டிருந்ததில் அவளுக்கு எங்கே இடம்? பெட்டியைத் தள்ளிவிட்டுக் கட்டிலில் வந்து இருந்தாள். மழையைப் பற்றி, மொழி தெரியாததைப் பற்றி, பிள்ளைகள் எங்களை விட்டுத் தூரப் போய்விடுவார்களோ என்பதைப் பற்றி, மெல்லச் சொல்லத் தொடங்கினாள். நிறையச் சொன்னாள். நான் குறுக்கே ஒன்றும் பேசவில்லை.