சிகாகோ மாளிகைகளில் நான் வைத்த தொட்டில்கள்

2025 ஜூலை 7

முண்டியம்பாக்கத்தில் ரயிலை அரை மணி நிறுத்தி வைத்துவிட்டார்கள். ஏன் என்று யாரும் சொல்லவில்லை, வழக்கம்போல. விழுப்புரத்தில் இறங்கி ஓட்டமும் நடையுமாக ஆபீஸ் போய்ச் சேர்ந்தேன். எங்கள் லீடர் தேவசகாயம் சார் கடிகாரத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். ஏதாவது சொல்லியிருந்தால் நானும் நாலு சொல்லியிருப்பேன்.

இன்று கென்வுட்டில் ஒரு மாளிகை. சிகாகோவின் தெற்குப் பக்கம் அந்தக் காலத்துப் பணக்காரர்கள் போய்க் குடியேறிய இடம் அது. நூறு வருஷத்துக்கு மேலான செங்கல் வீடு. மேல்மாடியில் நடனம் ஆடுவதற்கென்றே ஒரு கூடம். வேலைக்காரர்கள் எஜமானர் கண்ணில் படாமல் ஏறி இறங்க, பின்பக்கம் இருட்டாக ஒரு படிக்கட்டு. குதிரை வண்டிக்குத் தனியாக ஒரு வீடு, அதுவே எங்கள் வீட்டைவிடப் பெரிது. விற்கப்போகிறார்கள். உள்ளே ஒரு நாற்காலிகூட இல்லை. காலி அறையைப் பார்த்தால் யாருக்கும் வாங்கத் தோன்றாதாம். அதனால் அங்கிருந்து படம் வரும், நாங்கள் கம்ப்யூட்டரில் சோபா போடுவோம், கட்டில் போடுவோம், ஜன்னலுக்குத் திரை மாட்டுவோம். வானம் மூடியிருந்தால் நீலமாக்குவோம். அவர்கள் தூங்கி எழுவதற்குள் அந்த வீட்டில் குடித்தனம் நடப்பது போல் ஆகிவிட வேண்டும்.

சிகாகோவில் எந்தத் தெருவில் எந்த மாளிகைக்கு எத்தனை புகைபோக்கி என்று கேட்டால் சொல்லிவிடுவேன். திண்டிவனத்தில் எங்கள் பின்தெருவில் யார் குடியிருக்கிறார்கள் என்று தெரியாது.

மாடியில் ஒரு சின்ன அறை. ‘குழந்தை அறையாக்கவும்’ என்று குறிப்பு. பக்கத்து சீட் அன்புச்செல்வன் தானாகவே அதை எடுத்துக்கொண்டு அவனுடைய சமையலறையை என் பக்கம் தள்ளினான். “நீ கிச்சன் பண்ணுக்கா” என்றான். இரண்டு வருஷமாக இப்படித்தான். ஆபீஸில் யாரும் இதைப் பற்றிப் பேசுவதில்லை. அதுவே பெரிய உபகாரம்.

ஜூலை 9

தலைவலி. நாள் பூராவும் சாப்பாட்டு மேஜைகள். பன்னிரண்டு பேர் உட்காருகிற மேஜை, ஒருவர்கூட இல்லை.

ஜூலை 15

அன்பு ஒரு வாரம் லீவு. அவன் தங்கை அஸ்வினிக்கு வானூரில் வளைகாப்பு. அவன் இல்லாத நாள் பார்த்து வந்தது குழந்தை அறை. கோல்ட் கோஸ்ட்டில், ஏரியை ஒட்டிய பணக்காரத் தெரு, சாம்பல் நிறக் கல் மாளிகை. மூன்றாம் மாடி, கிழக்கு ஜன்னல், பூப்போட்ட பழைய சுவர்த்தாள். அந்த அறை எப்போதோ நிஜமாகவே ஒரு குழந்தையின் அறையாக இருந்திருக்க வேண்டும். குழந்தை எட்டி விழாமலிருக்க ஜன்னல் கம்பிகள் கீழ்ப் பாதிக்கு மட்டும் இருந்தன.

வெள்ளைத் தொட்டில் ஒன்றை எடுத்து வைத்தேன். வைத்துவிட்டுப் பார்த்துக்கொண்டே இருந்தேன். காலித் தொட்டில்.

எங்கள் பக்கம் காலித் தொட்டிலை ஆட்டவும் கூடாது, சும்மா போட்டு வைக்கவும் கூடாது. பெயர் வைக்கிற அன்றுகூட, குழந்தையைக் கிடத்துவதற்கு முன்னால் அம்மியின் குழவிக்கல்லைத் துணியில் சுற்றித் தொட்டிலில் போடுவார்கள். கல் மாதிரிக் குழந்தை நிலைக்க வேண்டும் என்று. எனக்கு இதிலெல்லாம் நம்பிக்கை இருக்கிறதா? தெரியவில்லை. ஆனால் அந்தப் படத்தை அப்படியே அனுப்பக் கை வரவில்லை. நெட்டில் ஒரு குழவிக்கல் படம் எடுத்து, அளவு குறைத்து, மேலே வெள்ளைத் துணி சுற்றித் தொட்டிலில் படுக்க வைத்தேன். அதற்குப் பிறகுதான் மூச்சு வந்தது. அனுப்பிவிட்டேன்.

எங்கள் வீட்டுக் கல்லையே படம் பிடித்திருக்கலாம். ஆனால் அது இல்லை. கொல்லையில் அம்மி மட்டும் மொட்டையாகக் கிடக்கிறது. கேட்டால் அத்தை, அதாவது என் மாமியார், “எங்க போச்சோ, யாருக்குத் தெரியும்? அதான் மிக்ஸி கீதே” என்பார்கள். 2023 மார்ச்சுக்கு அப்புறம்தான் அது காணவில்லை.

2023 மார்ச்சைப் பற்றி எழுத மாட்டேன் என்று இருந்தேன். சரி, ஒரு தடவை எழுதிவிடுகிறேன். எட்டாம் மாதம். பெண். அழவில்லை. வெள்ளைத் துணியில் சுற்றிக் கொண்டுவந்து காட்டினார்கள், எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். இவர் ஐந்தாம் மாதமே ஆசைப்பட்டு ஒரு தேக்குத் தொட்டில் வாங்கி வந்திருந்தார். அன்றைக்கே அத்தை கத்தினார்கள். “புள்ள பொறக்கறதுக்கு முன்னாடி தொட்டில வூட்டுக்குள்ள கொண்டாருவாங்களாடா?” ஆஸ்பத்திரியிலிருந்து நான் திரும்பியபோது தொட்டில் பரண்மேல் போர்வை சுற்றிக் கிடந்தது. நான் அந்த அறையில் தலையை நிமிர்த்துவதில்லை.

ஜூலை 28

நாள் தள்ளிப்போயிருக்கிறது. யாரிடமும் சொல்லவில்லை. இங்கே எழுதவும் பயம்.

ஆகஸ்ட் 8

டாக்டர் உறுதிப்படுத்திவிட்டார். இவரிடம் சொன்னேன். மயிலத்தில் காலேஜ் லேபில் வேலை முடித்துவிட்டு வந்து சட்டையைக்கூடக் கழற்றாமல் அப்படியே உட்கார்ந்துவிட்டார். கோகுலகிருஷ்ணன் என்று இத்தனை பெரிய பெயர் வைத்துக்கொண்டிருக்கிற மனுஷன் சின்னப் பிள்ளை மாதிரி அழுதார். “இந்த வாட்டி எதுவும் வாங்க மாட்டேன் சங்கவி. ஒரு கிலுகிலுப்பகூட வாங்க மாட்டேன்.”

அத்தைக்கு நாங்கள் சொல்லவில்லை. ஆனால் தெரிந்துவிட்டது. பௌர்ணமிக்குத் திருவக்கரை அம்மன் கோயிலுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவர்கள் வாசலில் நின்று என்னை மேலும் கீழும் பார்த்தார்கள். “ரயிலுக்கு ஓடிக்கினு போவாத. போனா போவட்டும், அடுத்த வண்டில போ.” அவ்வளவுதான். ஒரு சிரிப்பு இல்லை. பாஞ்சாலி என்று அத்தை பெயரைச் சொன்னாலே தெருவில் பயப்படுவார்கள், எனக்கு மட்டும் எதற்குச் சிரிக்க வேண்டும்? என் ராசிமேல் அவர்களுக்கு நம்பிக்கை இல்லை. வாயால் சொன்னதில்லை, அவ்வளவுதான்.

ஆகஸ்ட் 19

அன்பு லீவு முடிந்து வந்து நாளாயிற்று. ஆனாலும் குழந்தை அறைகளை நானே செய்கிறேன். அவன் ஆச்சரியமாகப் பார்க்கிறான். செய்தால் மனசுக்கு நன்றாக இருக்கிறது, ஏன் என்று கேட்டால் தெரியாது. ஒவ்வொரு மாளிகையிலும் தொட்டில், ஒவ்வொரு தொட்டிலிலும் வெள்ளைத் துணி சுற்றிய கல். இத்தனை பெரிய வீடுகளில் காவல் வைத்திருக்கிறேன், எனக்கும் ஒன்று நிலைக்காதா?

இன்று ப்ரேரி அவென்யூ. ஒரு காலத்தில் சிகாகோவின் பெரும் பணக்காரர்கள் எல்லாம் அந்த ஒரே தெருவில்தான் இருந்தார்களாம். பக்கத்திலேயே தண்டவாளம். கரிப்புகையும் சத்தமும் தாங்காமல் ஒவ்வொருவராக வடக்கே ஏரிக்கரைக்குப் போய்விட்டார்கள். மாளிகைகளை வாடகைக்கு விட்டு, பிறகு இடித்து, இப்போது ஏதோ சிலதுதான் மிச்சம். இதை எழுதும்போதே எங்கள் வீட்டுக்குப் பின்னால் சரக்கு ரயில் போகிறது. ஜன்னல் அதிர்கிறது. நாங்கள் எந்த ஏரிக்கரைக்குப் போவது?

செப்டம்பர் 2

ஆபீஸில் என் மானம் போயிற்று.

சிகாகோவிலிருந்து கோபமாக மெயில். தேவசகாயம் சார் என்னைத் தனியாகக் கூப்பிட்டுப் படித்துக் காட்டினார். கோல்ட் கோஸ்ட் வீட்டைப் பார்த்த ஒரு பெண் கேட்டாளாம், இந்தத் தொட்டிலில் இருப்பது என்ன, இந்த வீட்டில் ஏதாவது நடந்ததா என்று. அவர்கள் ஊரில் தொட்டிலுக்குள் ஒரு தலையணைகூட வைக்கக் கூடாதாம், குழந்தைக்கு மூச்சு முட்டும் என்று. தொட்டில் சுத்தமாகக் காலியாக இருந்தால்தான் நல்ல வீடாம். கடைசியில் எழுதியிருந்தார்கள்: ‘துணியில் சுற்றிய, அசையாத குழந்தை போல இருக்கிறது.’

“இன்னாமா இது? எதுக்கு வச்ச?” என்றார் சார். திட்டியிருந்தால் பரவாயில்லை. மெதுவாகக் கேட்டார்.

நான் படத்தைப் பார்த்தேன். இத்தனை நாள் கல்லாகத்தான் தெரிந்தது. இன்று பார்த்தால் — அதேதான். அதே வெள்ளைத் துணி. அதே சுற்று. நான் என்ன செய்திருக்கிறேன்? சிகாகோ பூராவும் என் பொண்ணையா கிடத்தி வச்சிருக்கேன்? எனக்கே தெரியாமலா?

“நீ போட்டத நீயே எடுத்துடுமா. நாளைக்குள்ள போவணும்” என்றார். அன்பு, “நான் எடுக்கறேன் சார்” என்று எழுந்தான். அவனுக்கு வேறு அவசர வேலை இருந்ததால் சார் விடவில்லை.

செப்டம்பர் 3

எடுத்தேன். கென்வுட்டில் எடுத்தேன். கோல்ட் கோஸ்ட்டில் எடுத்தேன். ப்ரேரி அவென்யூவில் எடுத்தேன். ஒவ்வொரு மாளிகையாக மாடி ஏறி, தொட்டிலைக் காலி பண்ணி, கதவைச் சாத்திவிட்டு வந்த மாதிரி இருந்தது. இடது கை வயிற்றின்மேலேயே இருந்தது. வலது கை எடுத்துக்கொண்டிருந்தது.

படம். வெறும் படம். நான் படித்தவள்.

செப்டம்பர் 11

ரத்தம்.

செப்டம்பர் 14

போய்விட்டது.

டாக்டர் அம்மா கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்கள். “நீங்க எதுவும் பண்ணதால இது நடக்கலமா. சில சமயம் கரு சரியா வளராது. யார் தப்பும் இல்ல.” தெரியும் டாக்டர். எனக்குத் தெரியும். தெரிஞ்சு என்ன பண்றது? எடுத்தது இந்தக் கைதானே? ஒண்ணொண்ணா, நானே உட்கார்ந்து, சம்பளத்துக்கு எடுத்தேனே!

வீட்டுக்கு வந்தபோது அத்தை சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். திரும்பவே இல்லை. எனக்கு வெறி வந்துவிட்டது. “சொல்லுங்க அத்த, என் ராசிதான்னு வாயத் தொறந்து சொல்லிடுங்க! ரெண்டு வருஷமா மனசுல வச்சிக்கினுதானே இருக்கீங்க?” என்று கத்தினேன். அவர்கள் எழுந்து கொல்லைப்பக்கம் போனார்கள். இருட்டும்வரை உள்ளே வரவில்லை.

செப்டம்பர் 25

வேலைக்குப் போனேன். அன்பு மறுபடி அறைகளை மாற்றிக்கொள்கிறான். எனக்குக் குளியலறைகள். பளிங்குத் தொட்டி, தங்க நிறக் குழாய். நல்லது. குளியலறையில் எனக்கு எந்த நினைவும் இல்லை.

அக்டோபர் 12

ஒன்றும் எழுதத் தோன்றவில்லை. இவரும் பேசுவதில்லை. அத்தையும் பேசுவதில்லை. மூன்று பேரும் மூன்று மாளிகையில் இருக்கிறோம்.

நவம்பர் 6

அன்புவின் தங்கைக்குப் பெண் குழந்தை பிறந்து ஒரு மாதம் ஆகிறதாம். என்னிடம் சொல்லாமலே வைத்திருந்தான். இன்று வேறு யாரோ கேட்டு, நான் பக்கத்தில் இருப்பதைப் பார்த்ததும் அவன் முகம் செத்துவிட்டது. எனக்கு என்ன தோன்றியதோ, “எங்க வீட்ல ஒரு தேக்குத் தொட்டில் இருக்கு, எடுத்துக்கறீங்களா?” என்று கேட்டுவிட்டேன். கேட்ட பிறகுதான் உறைத்தது, இந்த வீட்டுத் தொட்டிலை யார் வாங்குவார்கள்?

அன்பு செல்போனை எடுத்து நாள் பார்த்தான். “எங்க அம்மா ஜெபம் பண்ணிட்டுப் போட்டுக்கும்க்கா. ஞாயித்துக்கெழம வர்றேன்.”

இவரிடம் சொன்னேன். “சரி” என்றார். இனி எங்களுக்கு வேண்டாம் என்பதை இருவரும் அந்த ஒரு வார்த்தையிலேயே முடித்துக்கொண்டோம்.

நவம்பர் 9, ஞாயிறு

அன்பு வருவதற்குமுன் தொட்டிலை இறக்கித் துடைத்து வைக்கலாம் என்று இவர் ஸ்டூல் போட்டு ஏறினார். இழுத்துப் பார்த்துவிட்டு, “இன்னா இது இவ்ளோ கனமா கீது?” என்றார். தொட்டிலை வாங்கி வந்தவர் அவர்தான், ஒரு கையால் தூக்கி வந்தவர். நான் கீழிருந்து தாங்க, இரண்டு பேருமாக இறக்கினோம். போர்வை முடிச்சை அவிழ்த்தேன்.

உள்ளே அத்தையின் பழைய நூல் புடவை. நாலாக மடித்து மெத்தை மாதிரி போட்டு, அதன்மேல் எங்கள் வீட்டுக் குழவிக்கல். மஞ்சள் பூசி, பொட்டு வைத்து, முந்தானையால் போர்த்தியிருந்தது.

அத்தை கதவோரம் நின்றிருந்தார்கள்.

“எப்போ வச்சீங்க அத்த?”

“நீ ஆஸ்பத்திரில இருக்கசொல்ல. எங்கண்ணன் பெரியசாமிய வுட்டு மேல ஏத்தனேன்.”

“எங்கிட்ட சொல்லவே இல்லையே.”

“இன்னாத்த சொல்றது? காலியா வுட மனசு வரல. இப்ப ரெண்டாவதும் போச்சுன்ன உடனே எடுத்துடலாம்னு பாத்தேன். கை வரல. எடுத்தா முடிஞ்சிபூடும்ல?”

நான் தரையில் உட்கார்ந்துவிட்டேன். இரண்டு வருஷமாக இந்த மனுஷியை என்னவெல்லாம் நினைத்திருக்கிறேன். அப்போதுதான் சொன்னேன், சிகாகோ கதையை. இவரிடம்கூடச் சொன்னதில்லை. மாளிகைகளில் வைத்ததை, துணி சுற்றியதை, எடுக்கச் சொன்னதை, எடுத்ததை. அத்தை எதையும் புரியவில்லை என்று சொல்லவில்லை.

“அத்தினி வூட்லயும் நீ ஒண்டியாவா எடுத்த?”

“ஆமா அத்த.”

பக்கத்தில் வந்து உட்கார்ந்து என் வலது கையைப் பிடித்துப் பார்த்தார்கள், காய்ச்சல் இருக்கிறதா என்று பார்ப்பது போல. வெளியே அன்புவின் வண்டிச் சத்தம் கேட்டது. நான் கல்லை எடுக்கக் கை நீட்டினேன்.

“நீ எடுக்காத” என்றார்கள். “இத நான் எடுக்கறேன்.”

இரண்டு கையாலும் அள்ளி, மார்பில் அணைத்துக்கொண்டு கொல்லைக்குப் போனார்கள். நாங்கள் இருவரும் பின்னாலேயே போகவில்லை, தொட்டிலை வாசலுக்குத் தூக்கிப்போய் அன்புவிடம் கொடுத்தோம்.

நவம்பர் 10

காலையில் அம்மிச் சத்தம் கேட்டு எழுந்தேன். தேங்காய்த் துவையல். டப்பாவில் வைத்துக் கொடுத்தார்கள், நானும் வாங்கிக்கொண்டேன்.

மத்தியானம் ஒரு குழந்தை அறை வந்தது, கென்வுட்டில்தான். அன்பு வழக்கம்போல இழுத்துக்கொள்ளப் பார்த்தான். “இருக்கட்டும் அன்பு” என்றேன். தொட்டிலை ஜன்னல் ஓரமாக வைத்தேன். உள்ளே ஒன்றும் வைக்கவில்லை. வெளிச்சத்தை மட்டும் கொஞ்சம் சரிசெய்துவிட்டு அனுப்பிவிட்டேன்.