நாதக்கோலைத் திருகிய ஞாயிறு

ஞாயிறு, ஜூலை 13

சாரல். காற்று வேறு. மாடியில் காயப்போட்ட துணியெல்லாம் திரும்ப ஊறிவிட்டது.

மதியத்துக்குள்: பகடை தேட (சோபா அடியில்?). முறுக்கு. கல்நாட்டு வரைபடம் சுவரில் ஒட்ட. நா.கோ. விதிகள் இன்னொரு தடவை படிக்க.

நா.கோ. என்றால் நாதக்கோல். என் சொந்தக் கண்டுபிடிப்பு, அதனால் கொஞ்சம் கர்வம். ஞாயிறு விளையாட்டுக்காக நான் கட்டிய கல்நாட்டில் ஒவ்வொருவர் உள்ளேயும் ஒரு சுருதி உண்டு. கோல் பித்தளை. மூன்று பல், அடியில் ஒரு திருகு. திருகு அந்த ஆளின் சுருதிக்கு வந்து நின்றால், அவன் மறைத்து வைத்திருப்பது கோலில் சத்தமாகக் கேட்கும். பம்ப் கம்பெனியில் பதினாறு வருஷமாக அதிர்வு பார்க்கிறவனுக்கு வேறென்ன தோன்றும்? கதை சொல்வது நான். மற்றவர்கள் அதில் ஆளுக்கொரு வேஷம். கோலில் என்ன கேட்கும் என்பதும் நான் வைத்ததுதான்.

இன்றைக்கு நண்பன் செந்தில் போடும் வேஷத்துக்கு ஒரு ரகசியம் எழுதி வைத்திருக்கிறேன். பிரமாதமாக வந்திருக்கிறது.

அதே நாள், சாயங்காலம்

எழுதக் கை கூசுகிறது.

வந்தவர்கள்: செந்தில், அவன் மனைவி கவிதா, ரஃபீக். செந்தில் கோட்டைக் காவலன். கவிதா வைத்தியச்சி, கோல் அவள் கையில். அவளேதான் கேட்டாள், "காவலன் மேல வெச்சுப் பாக்கட்டுங்களாண்ணா?" பகடையில் ஆறு, கோல் சுருதியில் நின்றுவிட்டது. நான் படித்தேன். காவலன் தினமும் விடிந்ததும் கவசம் மாட்டிக்கொண்டு கிளம்புகிறான். கோட்டையில் அவனுக்கு வேலை போய் இரண்டு மாதம். வீட்டில் கட்டிக்கொடுத்த சோற்றை ஆற்றங்கரையில் உட்கார்ந்து தின்றுவிட்டு, பொழுது சாய்ந்ததும் களைத்தவன் போலத் திரும்புகிறான்.

ரஃபீக், "அட, செமையா இருக்குதுங்க!"

கவிதா சிரித்தாள். "பாவமுங்க அந்தம்மா. வெடிய எந்திரிச்சு சோறு கட்டிக் குடுத்துட்டிருக்குது." அப்புறம் செந்திலைப் பார்த்தாள். அவன் பகடையையே பார்த்துக்கொண்டிருந்தான். அவள் சிரிப்பு நின்றது.

கம்பெனியில் பம்பின் வேகத்தை ஏற்றிக்கொண்டே போவேன். ஒரு வேகத்தில் மொத்தமும் உதறும். குறித்துக்கொண்டு உடனே இறக்கிவிட வேண்டும், இல்லாவிட்டால் பேரிங் போய்விடும். கைக்குப் பழகிய வேலை. இன்றைக்கு அவள் முகத்தைப் பார்த்த பிறகும் இறக்கவில்லை. மிச்சமிருந்த வரியையும் படித்தேன்: "மனைவியிடம் சொல்ல மட்டும் அவனுக்கு வாய் வரவில்லை."

செந்தில் எழுந்தான். "மழ வர்றாப்புல இருக்குது. நாங்க கெளம்பறமுங்க." முறுக்கு தட்டில் அப்படியே.

திங்கள்

தூறல். வேலையில் மனசில்லை. நல்ல பம்ப் மூன்றைக் கழித்துப் போட்டு, திரும்ப எடுத்துச் சோதித்தேன்.

மே மாதம் பீளமேடு பஸ் ஸ்டாப்பில் செந்தில் சொன்னது: "அண்ணா, வேலை போனதக் கவிதாகிட்ட மட்டும் சொல்லிப்போடாதீங்க. வேற வேலை கெடச்சதும் நானே சொல்லிக்கறேன்." நான் எங்கே சொன்னேன், காவலன் கதையைத்தானே படித்தேன் என்று காலையிலிருந்து எனக்கு நானே வக்கீல். த்தூ.

வாங்க: பல்பு, பிளேடு.

செவ்வாய்

வெயில். துணி ஒருவழியாகக் காய்ந்தது.

பத்து மணிக்குக் கவிதா போன். மோட்டார் சத்தத்தில் கேட்கவில்லை, வெளியே ஓடினேன்.

"அண்ணா, உங்களுக்கு எத்தன நாளாத் தெரியுமுங்க?"

"ரெண்டு மாசமா, அம்மணி."

"செரிங்க. இன்னிக்கும் எட்டு மணிக்கு டிபன் பாக்ஸோட கெளம்பீட்டாரு. நானும் கட்டிக் குடுத்துட்டனுங்க. எப்படிக் கேக்கறதுன்னு தெரியலீங்கண்ணா."

வைத்துவிட்டாள். நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை. வெட்கமாக இருக்கிறது. கண்ணாடியில் முகம் பார்க்கப் பிடிக்கவில்லை.

புதன்

செந்திலுக்கு வாட்ஸப். ஆறு தடவை அடித்து ஆறு தடவை அழித்தேன். ரஃபீக்கிடமிருந்து: "ஞாயித்துக்கெழமை உண்டுங்களா?" பதில் போடவில்லை.

வியாழன்

செந்திலே கூப்பிட்டான். துடியலூர் பேக்கரி, ஐந்து மணி. இரண்டு டீ. நல்ல கூட்டம், ஓரத்தில் நின்றபடியே பேச்சு.

"நேத்து அவகிட்டச் சொல்லிப்போட்டனுங்க. காலைல பாத்தா, டிபன் பாக்ஸைக் கழுவிக் கவுத்து வெச்சிருந்தா."

நான் டீயை ஆற்றிக்கொண்டிருந்தேன். அவன் கேட்டான்:

"தெரிஞ்சேதான் எழுதுனீங்களாண்ணா?"

"ஆமாப்பா."

"ஏனுங்க?"

பொய் சொல்லியிருக்கலாம். மூன்று பொய் தயாராகவே இருந்தது. "அந்த எடம் கதைக்கு நல்லா இருந்துச்சு" என்றேன். வாயை விட்டு வந்த பிறகுதான் அது எவ்வளவு கேவலம் என்று உறைத்தது. மன்னிச்சுக்கோ என்று ஆரம்பித்தேன். வேண்டாம் என்று கையைக் காட்டினான்.

"நல்லாத்தானுங்க இருந்துச்சு." டீயை ஒரு வாய் குடித்தான். "அந்தக் காவலன் அப்பறம் என்னங்க ஆவான்? அதையும் எழுதி வெச்சிருப்பீங்கல்ல?"

எழுதவில்லை. அந்த இடத்துக்குப் பிறகு அவன் என்ன ஆவான் என்று நான் யோசிக்கவே இல்லை.