உன் பெயரில் பன்னிரண்டு நாள்

நேற்று காலை லூப் ரோட்டில், மீன் கடைகளுக்கு நடுவே, யாரோ உன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள். நான் திரும்பிப் பார்த்தேன். ஐஸ் பெட்டிக்குப் பின்னால் ஒளிந்த தன் குழந்தையைத்தான் ஒரு அக்கா கூப்பிட்டிருந்தார். நீ போய் ஒரு வருடம் ஆகப்போகிறது. இன்னும் உன் பெயருக்கு என் கழுத்து திரும்புகிறது. பக்கத்து டீக்கடை டிவியில் அந்த உலகப் போட்டி ஓடிக்கொண்டிருந்தது. பதினேழு வயதுக்குட்பட்ட பெண்கள் கால்பந்து. நீ ஆடியிருக்க வேண்டியது. அதனால்தான் இதை எழுதுகிறேன். உன் பெயரை மட்டும் எழுதமாட்டேன். காரணத்தைச் சொல்கிறேன்.

பட்டினப்பாக்கம் மணலில் நீ நடுவில் நின்று தடுப்பாய், நான் இடது ஓரம். நான் ஒன்பதாம் வகுப்போடு பள்ளியை விட்டு தி.நகர் ஜவுளிக் கடைக்குச் சேலை மடிக்கப் போனபோதும் நீ என்னை விடவில்லை. "கடைய பத்து மணிக்குத்தானே தொறக்குறான், அஞ்சரைக்கு இன்னாடி வேல உனக்கு?" என்று வாசலில் வந்து நிற்பாய். புதிதாக யாராவது என் பெயரைக் கேட்டால் நீயே முந்திக்கொள்வாய். "இவ பேசமாட்டா சார். பந்த குடுத்துட்டுப் பாருங்க."

இந்திய அணித் தேர்வுக்கு நீ மட்டும் போனாய். பிறந்த தேதிக்கு ஓர் எல்லை வைத்திருந்தார்கள். நான் அதற்கு ஏழு வாரம் முன்னால் பிறந்துவிட்டேன். "உங்கம்மா கொஞ்சம் பொறுத்துப் பெத்திருக்கக் கூடாதா?" என்று சிரித்தாய். அடுத்த மழையில் உனக்குக் காய்ச்சல் வந்தது. ஆஸ்பத்திரியில் நான்கே நாள்.

நீ போன ஒன்பதாம் நாள், உன் அம்மா உன் போனோடு வந்தார். நான் அத்தை என்று கூப்பிடும் உன் அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. "இன்னாவோ வந்துகீது, படி மே." படித்தேன். தேசிய முகாமுக்கு உன்னை எடுத்திருந்தார்கள். அன்றிலிருந்து பன்னிரண்டாம் நாள் அடையாறில் ஒரு ஸ்கேன் சென்டரில் வயதுப் பரிசோதனை, அன்று மாலையே ரயில்.

"அப்போ கூப்புடுறாங்க."

"அத்த, அவதான்..."

"நீ போ. அவ பேர்ல போ. உன்ன உட்டா அவளுக்கு யாரு கீறா?"

மறுக்க மனம் வரவில்லை என்று எழுதினால் பொய். எனக்கு ஆசை. இந்திய அணியின் அந்த நீலச் சட்டையைப் போட அவ்வளவு ஆசை. நமக்குப் பயிற்சி கொடுத்த சார் வேலை மாறி வேறு ஊருக்குப் போய்விட்டார். தேர்வு செய்தவர்கள் நாற்பது பேரில் ஒருத்தியாக உன்னை ஒரே ஒரு நாள் பார்த்தவர்கள். ஆதார் படத்தில் உனக்கு எட்டு வயது, அதில் நீ உன்னைப் போலவே இல்லை. இறப்புச் சான்றிதழ் வாங்க அத்தை போகவே இல்லை. காகிதத்தில் நீ உயிரோடுதான் இருந்தாய்.

உன் பூட்ஸ் எனக்கு ஒரு சைஸ் பெரிது. முன்பக்கம் துணி அடைத்துத்தான் ஓடினேன். ஐந்தாம் நாள் துணி இல்லாமலே சரியாக இருந்தது. சாயங்காலம் அத்தை எதிரில் உட்கார்ந்து, "உன் பேரு இன்னா?" என்று கேட்பார். என் பெயரைச் சொன்னால் எதிரில் இருப்பவர்கள் இரண்டு முறை கேட்பார்கள், உனக்குத் தெரியும். உன் பெயர் முதல் தடவையே கணீரென்று வந்தது. என் குரல் மாதிரியே இல்லை. அத்தை கண்ணை மூடிக்கொண்டு, "இன்னோர் தபா சொல்லு" என்பார்.

ஸ்கேன் சென்டரில், எலும்பு வளர்ச்சியை வைத்து வயதைக் கணிக்க, இடது மணிக்கட்டைப் படம் எடுத்தார்கள். டாக்டர் திரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"எப்பம்மா ஒடஞ்சது இது?"

"ஒடையல சார்."

"பயப்படாத. கோடு தெரியுது பாரு. நல்லாத்தான் சேர்ந்திருக்கு. வயசு ஒன்னும் பிரச்சினை இல்ல, போ."

எனக்கு எந்த எலும்பும் உடைந்ததில்லை. படகு விளிம்பில் விழுந்து இடது மணிக்கட்டு உடைந்து, புத்தூர் கட்டோடு ஒன்றரை மாதம் கோட்டுக்கு வெளியே நின்று கத்திக்கொண்டிருந்தவள் நீ.

வெளியே படிக்கட்டில் அத்தை காத்திருந்தார். "இன்னா சொன்னாங்கோ?" வயது சரி என்றேன். கையைப் பற்றிச் சொல்லவில்லை. அவர் என் இடது கையை எடுத்து, சரியாக அந்த இடத்தில் கட்டைவிரலை வைத்து அழுத்தினார். "இன்னும் வலிக்குதா?" என்று உன் பெயரைச் சொல்லிக் கேட்டார்.

வலித்தது.

அப்போதுதான் பயந்தேன். ரயிலில் ஏறினால் திரும்பி வருவது யார் என்று எனக்குத் தெரியவில்லை. என் அம்மா கதவைத் திறந்து யாரைப் பார்ப்பாள்? "அத்த, நான்..." என்று என் பெயரைச் சொன்னேன். காற்றுதான் வந்தது. மறுபடி சொன்னேன். மூன்றாவது தடவை ரோட்டில் போனவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அத்தை என் கையை விட்டார். நீ போன பிறகு அவர் அழுது நான் பார்த்தது அன்றுதான்.

ரயிலை விட்டுவிட்டோம். மறுவாரம் இருவருமாகப் போய்ச் சான்றிதழ் வாங்கினோம். அத்தை கேட்டதால், அங்கேயே வரிசையில் நின்று உன் பெயரை வாய்விட்டுப் படித்தேன். அன்றிலிருந்து அதைச் சொல்வதுமில்லை, எழுதுவதுமில்லை. அது எனக்குப் பழகிவிட்ட பெயர் என்பதால்.

டிவியில் உன் இடத்தில் வேறொருத்தி ஆடுகிறாள். நல்ல ஆட்டக்காரிதான், திரும்பும்போது மட்டும் கொஞ்சம் மந்தம். நீ பார்த்திருந்தால் திட்டியிருப்பாய்.

அடுத்த மாதம் பெண்கள் லீக்கில் ஆடப்போகிறேன். அங்கே இந்த வயது எல்லை கிடையாது. முந்தாநாள் படிவம் கொடுத்தார்கள். பெயர் என்ற இடத்தில் என் பெயரை எழுதினேன். கடைசியில் 'முன்பு ஏற்பட்ட காயங்கள்' என்று ஒரு கட்டம் இருந்தது. பேனாவை மூடிவிட்டு மறுபடி திறந்தேன். பிறகு, இடது மணிக்கட்டு என்று எழுதிக் கொடுத்துவிட்டேன்.