மழையில் இறுகிய சுவர்

என் அருமை அண்ணா,

நீ இல்லாமல் வரும் முதல் மழைக்காலம் இது. நியூசிலாந்தில், ஆக்லாந்தில் உட்கார்ந்து உன்னிடம் பேசுகிறேன். கேட்குமா?

ஃபிஜியில் பட்டாளம் ஆட்சியைப் பிடித்த அந்த வருஷம், இந்திய வம்சாவளி வீடு என்று தவுவா ஊரில் எங்கள் வீட்டுக்குள் ஆட்கள் புகுந்தார்கள். பக்கத்து வீட்டுப் பூர்வகுடி ஃபிஜியர் குடும்பம் எங்களை ஒளித்து வைத்தது. திரும்பி வந்து பார்த்தால், படுக்கையறையின் ஜிப்சம் பலகைச் சுவரெல்லாம் ஓட்டை. மகள் மீனா அந்த அறைக்குள் கால் வைக்க மாட்டேன் என்றாள்.

சிகடோகாவில் ஹோட்டல்களுக்கு அதே பலகைச் சுவர் போடும் வேலை உனக்கு அப்போதுதான் நின்றிருந்தது. வழியெல்லாம் பட்டாளத்துச் சோதனை. ஆனாலும் பஸ் ஏறி வந்தாய். புதுப் பலகைகளைப் பொருத்தினாய். இணைப்புகளை அடைக்க என் வீட்டுக்காரர் வாளியில் கலந்து விற்கும் பூச்சை வாங்கி வைத்திருந்தார்.

"இது காத்துல காயுற சாமான், மாப்ள. இந்த மழைக்கு ஈரமாவே கெடக்கும், அப்புறம் சுருங்கி வெடிக்கும். தண்ணி ஊத்திக் கலக்குற பொடி வேணும். அது மழையிலயும் தானா இறுகிடும்."

"விசா வந்தா போயிடுவோம் மச்சான். விட்டுட்டுப் போற வீட்டுக்கு எதுக்கு இம்புட்டு?"

நீ பூச்சுக் கரண்டியைக் கீழே வைத்தாய். "போற வரைக்கும் புள்ள இங்கதானே தூங்கணும்?"

அவர் குடையை எடுத்துக்கொண்டு கடைக்குப் போனார்.

சீக்கிரம் கல்லாகிவிடும் என்று பொடியைக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் கலக்கினாய். இடுக்குகளை நிரப்பிக் காகித நாடாவைப் பதித்தாய். வாளிப் பூச்சைக் கடைசியில் மேலே மெல்லிசாகத் தடவி, வழவழப்பாகத் தேய்ப்பதற்கென்று எடுத்து வைத்துக்கொண்டாய்.

"மாமா, இனிமே ஒடையாதா?" என்று மீனா வாசலில் நின்றே கேட்டாள்.

"நீயே வந்து கைய வச்சுப் பாரு."

வந்தாள். வைத்துப் பார்த்தாள். அன்று உன் மடியில் தலைவைத்து, அந்த அறையிலேயே தூங்கினாள்.

பிறகு விசா வந்தது. விமான நிலையத்தில் நீ ஏன் ஒரு வார்த்தையும் பேசவில்லை? உனக்கும் எங்களோடு வர ஆசை இருந்ததா, அண்ணா?

உன் காரியத்துக்கு வந்தபோது தவுவாவுக்கும் போனேன். அங்கே இப்போது வேறு குடும்பம். அந்த அறையில் ஒரு கைக்குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. சுவரில் ஒரு விரிசல் இல்லை. அவர்களிடம் எதுவும் சொல்லவில்லை. வெளியே வந்துதான் அழுதேன்.

மீனா இங்கே நர்ஸாக இருக்கிறாள். அவளுக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. இதை நான்தான் வாசித்துச் சொல்ல வேண்டும்.

அண்ணியை இங்கே கூப்பிட்டேன். "அவுரு இங்க இருக்காரு, நான் எங்க வர்றது?" என்றார்கள். இனி வற்புறுத்த மாட்டேன். வேலையை விட்டதும் நானே அங்கே வந்துவிடுகிறேன். அண்ணி ஒற்றையாய்ச் சாப்பிட உட்கார விடமாட்டேன், அண்ணா.

உன் கூடப்பிறந்தவள்,
தங்கச்சி லட்சுமி