ஏழாவது கோட்டை

அன்புள்ள அக்கா,

உன் தோழியிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன். நீ எங்கே இருக்கிறாய் என்று அவளிடம் கேட்கவில்லை. தெரிந்தால் என் முகமே காட்டிக்கொடுத்துவிடும்.

நேற்று உன் வீட்டுக்காரர் வந்து நம் டிவியில் கேமைத் திறந்தார். நம் டிவியிலும் போட்டுவைத்திருக்கும் அவருடைய சந்தாவில், நாம் சின்ன வயதில் ஆடிய அந்தக் கோட்டை கேம் ஏழாவது கோட்டைவரை ஆடிச் சேமிக்கப்பட்டிருந்தது.

"யாரு ஆடுறா?" சிரித்துக்கொண்டேதான் கேட்டார்.

"நான்தான் மாமா."

"அப்படியா? ஆடு, பாப்போம்."

கன்ட்ரோலரை என் மடியில் வைத்தார். நான் முதல் கோட்டையையே தாண்டியதில்லை என்று உனக்குத் தெரியும். மூன்று உயிரும் முதல் பள்ளத்திலேயே போயின. அப்பா பேப்பரிலிருந்து தலையைத் தூக்கவே இல்லை.

"நாளைக்கு மறுபடி பாக்கலாம்," என்று மாமா எழுந்து போனார்.

எந்த ஊரிலிருந்து ஆடுகிறாய் என்பதை அந்தக் கணக்கு காட்டிவிடுமாம். அவர் இன்னும் அதைப் பார்க்கவில்லை. இதைப் படித்த கையோடு அதிலிருந்து வெளியேறிவிடு.

அவர் அடித்ததில் கையில் போட்ட கட்டைப் பிரித்துவிட்டார்களா? நீ போன இந்த மூன்று வாரத்தில், நம் டிவியில் நீ இன்னொரு கோட்டை முன்னேறியிருப்பதைப் பார்த்த அன்றுதான் எனக்குச் சாப்பாடு இறங்கியது. இனி அது ஏழிலேயே நின்றால், நீ நன்றாக இருக்கிறாய் என்று வைத்துக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
எப்போதும் இரண்டாவது கன்ட்ரோலரோடு உன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவள்