தாலம் என்றீர்கள்

இன்று காலை போளூர் பஸ் ஸ்டாண்டில் ஒரு பெண் மஞ்சள் போட்டு அவித்த பனங்கிழங்கைக் கட்டுக் கட்டாக அடுக்கி வைத்திருந்தாள். ஈரத்துணியை விலக்கியதும் ஆவியோடு அந்த மண்வாசனை வந்து முகத்தில் அடித்தது. நான் நின்றுவிட்டேன்.

"இன்னாக்கா, வேணுமா?"

"தாலம்" என்றேன். என்னையறியாமல் வந்துவிட்டது.

"இன்னா?"

"ஒண்ணுமில்லம்மா. ஒரு கட்டு குடு."

வீட்டுக்கு வந்து கிழங்கை உரிக்க மனம் வரவில்லை. உங்களிடம் பேசாமல் இருக்க முடியாது என்று தோன்றியது. அதனால்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

நீங்கள் போனபிறகு உங்கள் குரலைப் பற்றித்தான் எல்லோரும் என்னிடம் பேசுகிறார்கள். ஜமுனாமரத்தூர் பஸ்ஸில் கண்டக்டராக நீங்கள் கொடுத்த குரல். வளைவுகளில் வண்டி முனகிக்கொண்டு ஏறும்போது பின்படியில் நின்று "ரைட், ரைட்" என்று சொன்னால் ரோட்டோரத்து மாடு கூட ஒதுங்கும் என்பார்கள். மலை உச்சியில் வண்டி நிற்கிற இடைவேளையில் மற்றவர்கள் சீட்டாடுவார்கள். நீங்கள் மட்டும் டீக்கடை பெஞ்சில் வாரப் பத்திரிகையை மடித்து வைத்துக்கொண்டு குறுக்கெழுத்துப் போட்டி நிரப்புவீர்கள். ரிடையர் ஆன பிறகும் அந்தப் பழக்கம் விடவில்லை. அதற்காகவே வேலூரில் வாங்கிய அந்தத் தடித்த அகராதியை அரிசி டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்திருந்தீர்கள். ஏன் அங்கே என்று கேட்டதற்கு, "ரெண்டும் தீரக்கூடாதுமே" என்றீர்கள்.

அந்தக் காலை எனக்கு அப்படியே நினைவிருக்கிறது. நான் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தேன். நீங்கள் தரையில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து கேட்டீர்கள்:

"மேலேர்ந்து கீழ. மூணு எழுத்து. பனை மரம், வடமொழியில வந்த வார்த்தை. இன்னாவா இருக்கும்?"

"பனைதான் பனை. அதுக்கு இன்னாத்துக்கு இன்னொரு பேரு?"

அகராதியை எடுத்துப் புரட்டினீர்கள். விரலை ஓட்டிக்கொண்டே போய் ஓர் இடத்தில் நிறுத்திச் சிரித்தீர்கள்.

"தாலம். இங்க பாருமே, இந்த ஒரு வார்த்தைக்கு எத்தினி அர்த்தம். பனை. கூந்தப்பனை. சாப்புடுற தட்டு. நாக்கு. பூமி. எல்லாத்தையும் ஒரே பைல போட்டு வச்சிகீறாங்க."

"யாரு பேசுறாங்களாம் இதை?"

"யாரும் பேசல. புஸ்தகத்துல தூங்கினு கீது."

மூன்று கட்டங்களையும் நிரப்பிவிட்டுப் பேனாவை மூடினீர்கள். மூடி உருண்டு என் பக்கம் வந்தது. எடுத்துக் கொடுக்க நிமிர்ந்தபோது உங்கள் வாய் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டிருந்தது. வலது கை மடியில் கிடந்தது, யாருடையதோ போல.

வேலூர் ஆஸ்பத்திரியில் உயிரைக் காப்பாற்றிக் கொடுத்தார்கள். கண் விழித்தீர்கள், என்னை அடையாளம் தெரிந்தது, நம் பிள்ளை செந்திலைப் பார்த்ததும் அழுதீர்கள். ஆனால் வாயைத் திறந்தால் ஒரே சொல்.

"தாலம்."

நர்ஸ், "தாகமா ஐயா?" என்று கேட்டாள். தண்ணீர் கொடுத்தாள். குடித்தீர்கள். மறுபடியும் "தாலம்." மூளையில் பேச்சு இருக்கிற இடம் அடிபட்டிருக்கிறது, சிலருக்கு இப்படி ஒரே சொல் தங்கிவிடும், நாளாக நாளாகத் தெளியலாம் என்று டாக்டர் சொன்னார். தெளியாமலும் போகலாம் என்பதை அவர் செந்திலிடம் மட்டும் சொல்லியிருக்கிறார்.

வீட்டுக்கு வந்த பிறகுதான் எனக்குப் பயம் பிடித்தது. ஆஸ்பத்திரியில் பத்துப் பேர் இருந்தார்கள். இங்கே நீங்களும் நானும். நீங்கள் என் முகத்தைப் பார்த்து "தாலம்" என்பீர்கள். ஒவ்வொரு முறையும் நான் தோற்றுப்போவேன். அந்தச் சொல்லின் அர்த்தம் தெரிந்தவள் இந்தத் தெருவில் நான் ஒருத்திதான். அது தெரியாமல் இருந்திருந்தால் கூட நிம்மதியாக இருந்திருப்பேன். தெரிந்ததுதான் என்னைப் படுத்தியது.

முதலில் தட்டு என்று நினைத்தேன். வீட்டில் இருந்த தட்டுகளையெல்லாம் உங்கள் முன்னால் கொண்டுவந்து வைத்தேன். நம் கல்யாணத்துக்கு வந்த எவர்சில்வர் தட்டு, பூஜைத் தாம்பாளம், செந்தில் சின்ன வயதில் சாப்பிட்ட பூப்போட்ட தட்டு. நீங்கள் ஒவ்வொன்றையும் பார்த்தீர்கள், பிறகு என்னைப் பார்த்தீர்கள். பைத்தியக்காரியைப் பார்ப்பது போல.

பிறகு ஒருநாள் சாயங்காலம் ஜன்னல் வழியாகத் தூரத்தில் தெரிந்த மலையைப் பார்த்துக்கொண்டே இடது கையை நீட்டி, "தாலம்... தாலம்..." என்று இழுத்துச் சொன்னீர்கள். எனக்குச் சட்டென்று விளங்கியது போல இருந்தது. மரம்! அமிர்தி பக்கம் மலையடிவாரத்தில் இருக்கும் உங்கள் ஊர் ஏரிக்கரையில் வரிசையாக நிற்கும் பனைகள். சின்ன வயதில் நீங்கள் நுங்கு தின்று வளர்ந்த மரங்கள். அங்கே கூட்டிப்போகச் சொல்கிறீர்கள்.

செந்திலுக்கு ஓசூருக்குப் போன் போட்டேன்.

"ஆட்டாதீங்கன்னு டாக்டர் சொன்னாரா இல்லியாம்மா? வழியில எதனா ஒண்ணு ஆனா யாரு பாக்குறது?"

"உங்கப்பா கேக்குறார்டா."

"அவர் இன்னா கேக்குறார்னு உனக்குத் தெரியுமா?"

"தெரியும்" என்று சொல்லிப் போனை வைத்தேன். சொல்லும்போது தெரிந்துதான் இருந்தது.

கார் வைத்துக் கூட்டிப்போனேன். உங்கள் தம்பி ஏழுமலை ஆட்களோடு காத்திருந்தார். நாற்காலியோடு உங்களைத் தூக்கி ஏரிக்கரையில் வைத்தார்கள். காற்றில் ஓலைகள் சடசடவென்று அடித்துக்கொண்டன. நான் உங்கள் பக்கத்தில் குத்தவைத்து உட்கார்ந்து, "இதானேங்க? இந்தத் தாலம்தானே?" என்று கேட்டேன்.

நீங்கள் அந்த வரிசையை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை பார்த்தீர்கள். நடுவில் இரண்டு இடம் வெறுமையாக இருந்தது. அங்கே உங்கள் பார்வை நின்றது.

"தாலம்" என்றீர்கள்.

ஏழுமலை முகம் வெளுத்துவிட்டது. அவரும் கரையிலேயே மண்டி போட்டு உங்கள் காலைப் பிடித்துக்கொண்டார்.

"தெரிஞ்சி போச்சா அண்ணா? செங்கல் சூளைக்காரனுக்கு ரெண்டு மரத்த வெட்டிக் குடுத்துட்டேன். உன்ன ஒரு வார்த்த கேக்கல. அதக் கேக்கத்தான் இந்த ஒடம்ப வச்சிக்கினு வந்தியா?"

அவர் குலுங்கிக் குலுங்கி அழுதார். நீங்கள் குழப்பமாக அவரையும் என்னையும் பார்த்தீர்கள். பிறகு இடது கையால் அவர் தலையைத் தடவிக் கொடுத்து, மெதுவாக "தாலம், தாலம்" என்றீர்கள். அண்ணன் மன்னித்துவிட்டார் என்று அவர் இன்றைக்கும் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறார். உங்களுக்கு அந்த மரங்களைப் பற்றி எதுவுமே தோன்றவில்லை என்று நான் இதுவரை அவரிடம் சொன்னதில்லை.

ஏனென்றால் அவர் எழுந்துபோன அடுத்த நிமிடம் என் பக்கம் திரும்பி, நாற்காலிக் கையை ஓங்கி ஓங்கி அடித்தீர்கள். "தாலம்! தாலம்! தாலம்!" உங்கள் கண்ணில் தண்ணீர். இது இல்லை, இது இல்லை என்பது மட்டும் புரிந்தது. அவ்வளவு தூரம் உங்களை ஆட்டி அலைத்துக் கூட்டிவந்து, நீங்கள் கேட்காத ஒன்றைக் காட்டியிருக்கிறேன். திரும்பி வரும்போது நீங்கள் கண்ணை மூடிக்கொண்டு வந்தீர்கள். எனக்கு வெட்கமாக இருந்தது.

அதோடு விட்டேனா? மறுநாள் அகராதியை எடுத்து மறுபடியும் அந்தப் பக்கத்தைப் பார்த்தேன். நாக்கு. டார்ச் அடித்து உங்கள் வாயைத் திறக்கச் சொன்னேன். உணர்ச்சியற்ற அந்த வலது பக்கத்தில் உடைந்த பல் ஒன்று நாக்கின் ஓரத்தைக் கிழித்துக் கிழித்துப் புண்ணாக்கியிருந்தது. நமக்கு யாருக்கும் தெரியவில்லை. பல் டாக்டர் கூர்மையை ராவிவிட்டு மருந்து கொடுத்தார். நான்கைந்து நாளில் சோறு ஒழுங்காக இறங்கியது. கண்டுபிடித்துவிட்டேன் என்று எனக்கு ஒரே சந்தோஷம். செந்திலுக்குப் போன் போட்டு, "நாக்குடா, நாக்கத்தான் அவ்ளோ நாளா சொல்லினு இருந்தாரு" என்று சத்தமாகச் சொன்னேன். நீங்கள் கட்டிலில் இருந்தபடியே நான் பேசி முடிக்கும் வரை பார்த்திருந்துவிட்டு, "தாலம்" என்றீர்கள்.

பேச்சுப் பயிற்சி கொடுக்க வாரத்தில் ஒருமுறை வந்த அந்தப் பெண்ணிடம் அழுதுவிட்டேன். அவள் படம் போட்ட அட்டைகளைப் பையில் வைத்துவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அம்மா, அவரு மரம்னு நெனச்சாலும் அதான் வருது, பசின்னு நெனச்சாலும் அதான் வருது. ஒங்க பேரக் கூப்புட நெனச்சாலும் அதான் வரும். அர்த்தத்த புஸ்தகத்துல தேடாதீங்க. எப்படிச் சொல்றாருன்னு கேளுங்க."

என் பெயரைக் கூப்பிட நினைத்தாலும். அந்த ஒரு வாக்கியம் என்னை அன்று இரவெல்லாம் தூங்கவிடவில்லை. எத்தனை முறை என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டீர்களோ, நான் தட்டை எடுத்துக்கொண்டு ஓடியிருக்கிறேன்.

அகராதியைப் பரணில் ஏற்றினேன். காதைத் தீட்டிக்கொண்டேன். சட்டென்று வெட்டிச் சொன்னால் தண்ணீர். மூக்கால் இழுத்தால் மின்விசிறியைக் குறை. கடைசி எழுத்தை அழுத்தினால் பாத்ரூம், அதுவும் உடனே. "தா"வை நீட்டினால் செந்தில் எப்போது வருவான். கோபத்துக்கு ஒன்று, கோபம் தணிந்ததைக் காட்ட இன்னொன்று. உங்கள் சித்தப்பா மகன் வந்து உட்கார்ந்து மணிக்கணக்காகச் சர்க்கரை நோயைப் பற்றிப் பேசியபோது, பின்படியில் நின்று கொடுப்பீர்களே அதே குரலில் "தாலம், தாலம்!" என்றீர்கள். நான் சிரிப்பை அடக்க முடியாமல் சமையலறைக்கு ஓடினேன். அவர், "இன்னா சொல்றாரு?" என்று கேட்டார். "காப்பி சாப்ட்டுப் போகச் சொல்றாரு" என்றேன். வண்டி கிளம்பட்டும், இறங்குகிறவர்கள் இறங்குங்கள் என்றல்லவா சொன்னீர்கள்!

நாம் சண்டை கூடப் போட்டோம். மாத்திரை வேண்டாம் என்று நீங்கள் ஒரு தாலம், சாப்பிட்டே ஆகவேண்டும் என்று நான் ஒரு தாலம். அடுத்த வீட்டுக்காரி வாசலில் நின்று கேட்டுவிட்டு, "உனக்கும் வந்துடுச்சாக்கா?" என்று பயந்துபோய்க் கேட்டாள். யாரும் பேசாத சொல் என்று சொன்னீர்களே. போளூரில் ஒரு வீட்டில் காலையிலிருந்து ராத்திரி வரை அந்த ஒன்றை மட்டுமே வைத்துக்கொண்டு ஒரு குடும்பம் நடந்தது. நாற்பது வருஷம் எல்லாச் சொற்களையும் வைத்துக்கொண்டு பேசாததையெல்லாம் அந்த மாதங்களில் பேசிவிட்டோம் என்றுகூட எனக்கு நினைப்பு. அது என் கர்வமாகவும் இருக்கலாம்.

கடைசி நாள் மத்தியானம் மழை பிடித்துக்கொண்டது. நான் துணிகளை எடுத்துவந்து உங்கள் கட்டிலின் மேலேயே போட்டு மடித்துக்கொண்டிருந்தேன். நீங்கள் என் புடவை முனையைப் பிடித்து இழுத்தீர்கள். திரும்பினேன்.

"தாலம்."

அந்தக் குரலை நான் அதற்கு முன்னால் கேட்டதில்லை. கேட்பது போலவும் இருந்தது, சொல்வது போலவும் இருந்தது. அவசரம் இல்லை. ஒவ்வொரு எழுத்தாக வைத்து வைத்துச் சொல்லி, முடிவில் லேசாக உயர்த்தி நிறுத்தினீர்கள். பதிலுக்குக் காத்திருந்தீர்கள். என் மனதில் இருந்த குரல்களையெல்லாம் ஓட்டிப் பார்த்தேன். எதுவும் பொருந்தவில்லை. தண்ணீர் இல்லை. செந்தில் இல்லை. வலி இல்லை. நீங்கள் இன்னும் காத்திருந்தீர்கள். புரியவில்லை என்று சொல்லி அந்த முகத்தை வாட வைக்க எனக்கு மனமில்லை.

"சரிங்க" என்றேன்.

உங்கள் முகம் தெளிந்தது. புடவையை விட்டீர்கள். கண்ணை மூடிக்கொண்டீர்கள். தூங்குகிறீர்கள் என்று நினைத்து மீதித் துணியையும் மடித்தேன். விளக்கு வைக்கும் நேரம் எழுப்பியபோது எழுந்திருக்கவில்லை. இரண்டாவது முறை வந்துவிட்டது என்றார்கள். வேலூர் வரைக்கும் மூச்சு இருந்தது. சொல் இல்லை.

இப்போது செந்தில் வீட்டைப் பூட்டிவிட்டு ஓசூருக்கு வரச் சொல்கிறான். "அப்பா இருந்தா அதான் சொல்வாரு" என்கிறான். ஏழுமலை வந்து, "அண்ணன் ஒங்கள நம்ம ஊர்லயே வச்சிப் பாத்துக்கச் சொல்லிக் கண்ணக் காட்டுனாரு அண்ணி" என்கிறார். அடுத்த வீட்டுக்காரி, இங்கேயே இரு என்றுதான் சொல்லியிருப்பார் என்கிறாள். அவரவருக்கு வேண்டியதை அவரவர் கேட்டுக்கொள்கிறார்கள். நான் எதைக் கேட்டேன் என்று எனக்கே தெரியவில்லை. போ என்றீர்களா, போகாதே என்றீர்களா? அழாதே என்றா? இல்லை, இத்தனை நாள் சரியாகத்தானே இருந்தேன் என்று என்னைக் கேட்டீர்களா? ஒருவேளை என் பெயரைத்தான் கூப்பிட்டீர்களோ? பெயரைக் கூப்பிட்டதற்கு ஒருத்தி சரி என்று சொல்லிவிட்டுத் துணி மடிக்கப் போயிருக்கிறாளா?

சமையல் செய்யும்போது அந்தக் குரல் வருகிறது. அதே மாதிரி மெதுவாக, முடிவில் உயர்ந்து, காத்திருக்கிறது. நானும் வாய்க்குள் சொல்லிச் சொல்லிப் பார்க்கிறேன். எனக்கு அந்த ராகம் சரியாகவே வந்துவிட்டது. அர்த்தம்தான் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை செந்தில் வந்து பதில் கேட்பான். அவனிடம் சரி என்றோ வேண்டாம் என்றோ சொல்லியாக வேண்டும். உங்களிடம் ஒரு சரி சொல்லியிருக்கிறேன். அந்த வாக்கைக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறேனா, ஒவ்வொரு நாளும் மீறிக்கொண்டிருக்கிறேனா என்று தெரியாமல் எழுந்திருக்கிறேன், சமைக்கிறேன், படுக்கிறேன். ஆனால் சொன்னது சொன்னதுதான். எதுவாக இருந்தாலும், சரிங்க.