டோனா வாயசைக்கும் குரல்

அம்மாவுக்கு,

உன் முட்டிவலி எப்படி இருக்கிறது? மாடிப்படியில் அவசரப்படாதே. நான் நன்றாகத்தான் இருக்கிறேன். ஆறு வாரமாக எங்கள் பாட்டுக் குழு ஊர் ஊராகக் கச்சேரி செய்துகொண்டு, வேனிலேயே தூங்கி, வேனிலேயே சாப்பிட்டு, அபர்டீன் வரை வந்துவிட்டோம்.

நீ பாத்திரம் கழுவிக்கொண்டே பாடியதைப் பதிவு செய்து, வேகத்தை ஏற்றிப் பாட்டில் சேர்த்தேன் அல்லவா? அதற்குத்தான் எல்லா ஊரிலும் ஆடுகிறார்கள். ஆனால் மேடையில் வாயசைப்பவள் டோனா. பத்திரிகை அட்டையிலும் அவள்தான். படம் எடுக்க வந்தவன் என்னிடம், "கொஞ்சம் தள்ளி நில்லுப்பா, உன் நிழல் அவங்க மேல விழுது" என்றான். பாட்டைக் கட்டியவன் நான்!

சனிக்கிழமை பாதிப் பாட்டில், பாட்டு முழுவதும் பதிவாகியிருக்கும் டேப் சிக்கி நின்றுவிட்டது. பயப்படாதே, யாரும் அடிக்க வரவில்லை. என் கீபோர்டில் வயரே செருகுவதில்லை, ஒப்புக்குத்தான் தட்டுவேன். "ஏதாவது பண்ணுடா!" என்று டோனா பல்லைக் கடித்தாள். "நீயே பாடேன், உன் குரல்தானே?" என்றேன். மாட்டிக்கொண்டாள் என்று உள்ளூர ஒரே குஷி. அவளோ மைக்கைக் கூட்டத்தின் பக்கம் நீட்டிவிட்டாள். மூவாயிரம் பேர் உன் வரியைப் பாடினார்கள். முடித்ததும் "டோனா! டோனா!" என்று கத்தினார்கள். வயிறு எரிந்தது, அம்மா.

தடித்த காலுறை இரண்டு ஜோடி அனுப்பு. கூடவே, பாத்திரம் கழுவும்போது எதையாவது பாடிப் பதிவு செய்து அனுப்பு. என்னிடம் இருப்பது வேகம் ஏற்றியதுதான். அது உன் குரல் மாதிரியே இல்லை.

வேனில் ஹார்ன் அடிக்கிறார்கள். நீ அனுப்பும் டேப்பை டோனாவின் காதில் விழவே விடமாட்டேன்.

க்ளென்